பணியறவு உத்தரவு ரத்தானால் வேலையும் பழைய சம்பளமும் தானாக வந்துவிடுமா?

நீங்கள் எழுதியதை முதலில் சுருக்கிச் சொல்கிறேன், நான் சரியாகப் புரிந்துகொண்டேனா என்று பார்த்துக்கொள்ளுங்கள். உங்கள் கணவர் தமிழ்நாடு அரசுத் துறை ஒன்றில் இளநிலை உதவியாளர். வசூல் பணத்தில் குறைவு என்று 17(பி) குற்றச்சாட்டு குறிப்பாணை, அதாவது பெரிய தண்டனைக்கான குற்றச்சாட்டுக் கடிதம், கொடுத்தார்கள். விசாரணை அலுவலர் ஒரு சாட்சியைக்கூட விசாரிக்கவில்லை; இவரிடம் மட்டும் கேள்வி கேட்டு எழுதிக்கொண்டார். விசாரணை அறிக்கை நகலும் தரவில்லை. 2019ல் பணியறவு (டிஸ்மிஸ்) செய்துவிட்டார்கள். நீங்கள் வழக்குப் போட்டீர்கள். உயர் நீதிமன்றம் அந்த உத்தரவை ரத்து செய்து, விசாரணையை முறைப்படி மறுபடி நடத்தி நான்கு மாதத்துக்குள் முடிக்கச் சொல்லியிருக்கிறது. தீர்ப்பு நகலை எடுத்துக்கொண்டு வேலைக்குச் சேரப் போனவரைச் சேர்த்துக்கொள்ளவில்லை. பணியறவு செய்த தேதியிலிருந்தே அவர் தற்காலிகப் பணிநீக்கத்தில் (சஸ்பென்ஷனில்) இருப்பதாகக் கருதப்படும் என்று ஓர் உத்தரவைக் கையில் கொடுத்து அனுப்பிவிட்டார்கள். இது நீதிமன்ற அவமதிப்பு இல்லையா, இத்தனை வருடச் சம்பளம் கிடைக்குமா என்று கேட்கிறீர்கள். கடைசியில், 'நாங்கள் ஜெயித்தோமா தோற்றோமா என்றே புரியவில்லை' என்று எழுதியிருக்கிறீர்கள். நீங்கள் உண்மையில் கேட்பது இதைத்தான். மற்ற இரண்டுக்கும் பதில் இதற்குள்ளேயே இருக்கிறது.

ஜெயித்திருக்கிறீர்கள். ஆனால் ஜெயித்தது, அவரை வெளியே அனுப்பிய விதத்துக்கு எதிராக. பணம் குறைந்ததா, அதற்கு அவர்தான் பொறுப்பா என்ற குற்றச்சாட்டு மீது இன்னும் யாரும் சரியான முடிவு சொல்லவில்லை. அது அப்படியே உயிரோடு இருக்கிறது. இந்த வித்தியாசம் தெரியாததால் ஏமாந்து போன குடும்பங்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். தீர்ப்பு வந்த அன்று ஊருக்கெல்லாம் இனிப்புக் கொடுத்துவிட்டு, அடுத்த மாதமே மறு விசாரணை அறிவிப்பு வந்ததும் நொறுங்கிப் போய்விடுவார்கள். சிலர் கோபத்தில் விசாரணைக்கே போகமாட்டார்கள். அது எல்லாவற்றிலும் பெரிய தவறு. ஏன் என்று பின்னால் சொல்கிறேன்.

நான் அரசு அலுவலகத்தில் ஒழுங்கு நடவடிக்கைக் கோப்புகள் பார்க்கும் பிரிவில் பல வருடம் இருந்தவன். ஓய்வுக்குப் பிறகு பணியாளர் வழக்குகளில், கோப்பைப் படித்து வழக்கறிஞர்களுக்குக் குறிப்பு எழுதிக் கொடுத்து வருகிறேன். மேசையின் இரண்டு பக்கமும் உட்கார்ந்து பார்த்தவன் என்ற முறையில் சொல்கிறேன். ஆனால் உங்கள் தீர்ப்பு நகலை நான் பார்க்கவில்லை. இந்த மாதிரி விஷயத்தில் தீர்ப்பின் கடைசி இரண்டு பத்திகளில் இருக்கும் வாசகம்தான் எல்லாவற்றையும் முடிவு செய்யும். அதனால் எது உறுதி, எது அந்த வாசகத்தைப் பொறுத்தது என்று பிரித்தே சொல்லிக்கொண்டு போகிறேன்.

அடிப்படையிலிருந்து ஆரம்பிக்கலாம். அரசியலமைப்பின் 311வது பிரிவு அரசு ஊழியருக்கு இரண்டு பாதுகாப்புகளைத் தருகிறது. அவரை நியமித்தவருக்குக் கீழ்நிலையில் உள்ள ஓர் அதிகாரி அவரை வேலையை விட்டு அனுப்ப முடியாது. என்ன குற்றச்சாட்டு என்று தெரிவித்து, அதற்குப் பதில் சொல்ல நியாயமான வாய்ப்புக் கொடுத்து, விசாரணை நடத்திய பிறகுதான் பணியறவு, பணிநீக்கம், பதவியிறக்கம் ஆகியவற்றைச் செய்ய முடியும். 1976ல் வந்த 42வது திருத்தத்துக்கு முன்னால், என்ன தண்டனை என்பது பற்றியும் தனியாக ஒரு வாய்ப்புக் கொடுக்க வேண்டியிருந்தது, அது போய்விட்டது. விசாரணை என்ற வாய்ப்பு மட்டும் போகவில்லை. தமிழ்நாடு குடிமைப் பணிகள் ஒழுங்கு மற்றும் மேல்முறையீட்டு விதிகளில் 17(பி) இந்த வாய்ப்பைத்தான் படிப்படியாக எழுதி வைத்திருக்கிறது. பெரிய தண்டனைக்கு 17(பி), சிறிய தண்டனைக்கு 17(ஏ), தற்காலிகப் பணிநீக்கத்துக்கு 17(இ) என்று அலுவலகத்தில் எல்லோருக்கும் வாய்ப்பாடு மாதிரி தெரியும். வாரியம், கழகம், கூட்டுறவு ஆகியவற்றில் வேலை பார்ப்பவர்களுக்கு 311 நேரடியாகப் பொருந்தாது. அவர்களுக்கு அந்தந்த நிறுவனத்தின் பணி விதிகளும் இயற்கை நீதிக் கொள்கையும்தான் துணை. உங்கள் கணவர் அரசுத் துறை என்பதால் 311 முழுமையாகப் பொருந்தும்.

உங்களுக்கு நடந்தது புதிதல்ல என்பதற்கு ஒரு பழைய வழக்கு. கேம் சந்த் என்பவர் டெல்லியில் கூட்டுறவுச் சங்கங்களின் துணை ஆய்வாளர். அவரை 1951ல் பணியறவு செய்தார்கள். வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போய், 1957 டிசம்பரில் அவர் ஜெயித்தார். நியாயமான வாய்ப்பு என்றால் என்ன என்று இன்றைக்கும் எல்லோரும் மேற்கோள் காட்டுவது அந்தத் தீர்ப்பைத்தான். அதன் பிறகு என்ன ஆனது என்று பலருக்குத் தெரியாது. துறை மறுபடி விசாரணை நடத்த முடிவு செய்தது. பணியறவு தேதியிலிருந்தே அவர் தற்காலிகப் பணிநீக்கத்தில் இருப்பதாகக் கருதப்படும் என்று புது விதி ஒன்றைக் காட்டி உத்தரவு போட்டது. அவர் அந்த விதியே செல்லாது என்று மறுபடி உச்ச நீதிமன்றம் போனார். விதி செல்லும் என்று நீதிமன்றம் சொல்லிவிட்டது. முதல் வழக்கில் நாட்டுக்கே வழிகாட்டிய வெற்றியைப் பெற்றவர் இரண்டாவதில் தோற்றார். அந்த மத்திய அரசு விதியின் வாசகம் ஏறத்தாழ அப்படியே நம்முடைய 17(இ)யிலும் இருக்கிறது. இந்தக் கருதப்பட்ட தற்காலிகப் பணிநீக்கம், முன்பு தற்காலிகப் பணிநீக்கத்தில் இல்லாதவருக்கும் பொருந்தும் என்று 1992ல் நெல்சன் மோட்டிஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது. அதனால் உங்கள் கையில் கொடுத்த உத்தரவு தன்னளவில் சட்டவிரோதம் அல்ல. இது உறுதி.

அப்படியானால் விசாரணையில் கோளாறு என்றால் எல்லோருக்கும் இதே கதிதானா? இல்லை. எந்தப் படியில் கோளாறு நடந்தது என்பதைப் பொறுத்து விளைவு மாறும். குற்றச்சாட்டு குறிப்பாணையே செல்லாது என்று நீதிமன்றம் சொன்னால் மறு விசாரணைக்கு அடிப்படையே இல்லை. வேலையைத் திரும்பத் தந்தாக வேண்டும். தமிழ்நாடு வீட்டு வசதி வாரியத்தின் பொறியாளர் மகாதேவன் வழக்கு இதற்கு நல்ல உதாரணம். 1990ல் நடந்ததாகச் சொன்ன ஒரு முறைகேட்டுக்கு 2000ல்தான் குறிப்பாணை கொடுத்தார்கள். பத்து வருடத் தாமதத்துக்குச் சரியான விளக்கம் இல்லை என்று 2005ல் உச்ச நீதிமன்றம் குறிப்பாணையையே ரத்து செய்துவிட்டது. தாமதம் ஆனாலே எல்லாம் ரத்து என்று நினைத்துவிடக் கூடாது. குற்றச்சாட்டின் கடுமை, தாமதத்துக்குக் காரணம் யார், அதனால் ஊழியருக்கு என்ன பாதிப்பு என்று மூன்றையும் சேர்த்துத்தான் பார்ப்பார்கள். அதே மாதிரி, ஆதாரமே இல்லை என்று நீதிமன்றம் தகுதி அடிப்படையில், அதாவது குற்றச்சாட்டின் உண்மை பொய்யைப் பற்றியே, முடிவு சொன்னாலும் மறு விசாரணைக்கு இடம் இருக்காது. ஆனால் இடையில் ஒரு படி மட்டும் தவறியிருந்தால், அந்தப் படியிலிருந்து திரும்ப நடத்தத்தான் அனுப்புவார்கள். எல்.ஐ.சி. – மசிலாமணி வழக்கில் 2012ல் உச்ச நீதிமன்றம் இதை வெளிப்படையாகவே சொன்னது: நடைமுறைக் கோளாறுக்காக ரத்து செய்யும்போது, கோளாறு நேர்ந்த கட்டத்திலிருந்து விசாரணையைத் தொடர அனுப்ப வேண்டும், நேரடியாக வேலையில் அமர்த்த உத்தரவிடக் கூடாது என்று.

இனி உங்கள் கணவரின் விசாரணை. சாட்சியே இல்லாமல் விசாரணை நடந்தது என்றீர்களே, அதை நான் கோப்பில் எத்தனையோ முறை பார்த்திருக்கிறேன். விசாரணை நடவடிக்கை என்று நான்கு தாள் இருக்கும். முதல் கேள்வி: 'உங்கள் பெயர், பதவி?' இரண்டாவது: 'குற்றச்சாட்டுகளைப் படித்தீர்களா?' மூன்றாவது: 'குற்றச்சாட்டுகளை ஏற்கிறீர்களா?' அவர் 'இல்லை' என்பார். உடனே நான்காவது: 'அப்படியானால் பணம் எப்படிக் குறைந்தது?' கடைசியில் 'வேறு ஏதேனும் சொல்ல விரும்புகிறீர்களா?' என்ற கேள்வியும் 'இல்லை' என்ற பதிலும் ஏற்கெனவே தட்டச்சு செய்யப்பட்டிருக்கும்; கையெழுத்து மட்டும் பேனாவில். அறிக்கையில், 'குற்றம் சாட்டப்பட்டவர் திருப்திகரமான விளக்கம் தராததால் குற்றச்சாட்டு நிரூபணமாகிறது' என்று ஒரே வரியில் முடித்திருப்பார்கள். அந்த நான்காவது கேள்வியில்தான் விசாரணை தலைகீழாகிறது. நிரூபிக்க வேண்டியது துறை. ரசீதுப் புத்தகத்தையும் ரொக்கப் பதிவேட்டையும் முன்வைத்து, தணிக்கை செய்தவர் வந்து சாட்சி சொல்லி, இவர் அவரைக் குறுக்கு விசாரணை செய்த பிறகுதான் இவருடைய முறை வரும்.

ஆவணத்தைக் கோப்பில் வைத்தாலே நிரூபணம் ஆகாது, அதைப் பற்றிச் சாட்சி சொல்ல ஆள் வர வேண்டும் என்று ரூப் சிங் நேகி வழக்கில் உச்ச நீதிமன்றம் அழுத்தமாகச் சொல்லியிருக்கிறது. விசாரணை அலுவலர் துறையின் பிரதிநிதி அல்ல, சுதந்திரமாகத் தீர்மானிக்க வேண்டியவர். ஊழியர் வராவிட்டாலும் ஆதாரம் போதுமா என்று அவர் பார்த்தே ஆக வேண்டும் என்று சரோஜ் குமார் சின்ஹா வழக்கில் 2010ல் சொன்னது. இவையெல்லாம் நிலைபெற்ற சட்டம். நான் பிரிவில் இருந்தபோது இதைச் சுற்றறிக்கையாகவே பார்த்திருக்கிறேன். அப்படியும் ஏன் நடக்கிறது என்றால், விசாரணை அலுவலராகப் போடப்படுபவருக்கு அது சொந்த வேலைக்கு மேல் சுமத்தப்பட்ட இன்னொரு வேலை. பயிற்சி கிடையாது. ஆறு மாதம் கோப்பு அலமாரியில் கிடக்கும். மேலிடத்திலிருந்து நினைவூட்டு வந்ததும் ஒரே மாலையில் முடித்து அனுப்பிவிடுவார்கள். இதில் எனக்கு உண்மையிலேயே கோபம் உண்டு. நிரபராதி பல வருடத்தை இழக்கிறார். தப்புச் செய்தவரோ இதே ஓட்டையில் தப்பித்து முழுச் சம்பளத்தோடு திரும்பி வருகிறார். ஒழுங்காக நான்கு நாள் உட்கார்ந்திருந்தால் இரண்டுமே நடக்காது.

அறிக்கை நகல் தராததை நீங்கள் பெரிய குறையாக எழுதியிருக்கிறீர்கள். குறைதான், ஆனால் தனியாக எடுத்தால் அது நீங்கள் நினைக்கும் அளவுக்குப் பலமானது அல்ல. 1990 நவம்பர் 20ல் ரம்ஜான் கான் வழக்கில், தண்டனை முடிவு செய்வதற்கு முன் அறிக்கை நகலைக் கொடுத்தே ஆக வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. பிறகு 1993 அக்டோபரில் இ.சி.ஐ.எல். – கருணாகர் வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு அந்த உரிமையை உறுதி செய்தது. கூடவே ஒரு நிபந்தனையும் வைத்தது. நகல் தரவில்லை என்பதற்காக மட்டும் தண்டனை தானாக ரத்தாகாது. வழக்கின்போது நகலைக் கொடுத்து, அது முன்பே கிடைத்திருந்தால் முடிவு மாறியிருக்குமா, ஊழியருக்குப் பாதிப்பு உண்டா என்று பார்க்க வேண்டும் என்றது. பாதிப்பு உண்டு என்று கண்டு ரத்து செய்தால், அவரை வேலையில் அமர்த்தி, உடனே தற்காலிகப் பணிநீக்கத்தில் வைத்து, அறிக்கை கொடுக்கும் கட்டத்திலிருந்து தொடர அனுமதிக்க வேண்டும். சம்பளம், இடைப்பட்ட காலம் எல்லாம் இறுதி முடிவுக்குப் பிறகு அதைப் பொறுத்து அதிகாரி தீர்மானிப்பார். உங்கள் கணவரிடம் துறை இப்போது காட்டும் வழி ஏறக்குறைய இதுதான்.

அதனால் தீர்ப்பை எடுத்து வைத்து ஒன்றைத் தேடுங்கள். ரத்து செய்ததற்கு நீதிபதி எழுதிய காரணம் என்ன? 'சாட்சிகளை விசாரிக்காததால் விசாரணை முறைப்படி நடக்கவில்லை' என்றா, 'குற்றச்சாட்டை நிரூபிக்க எந்த ஆதாரமும் இல்லை' என்றா? கேட்கும்போது இரண்டும் ஒன்று போல இருக்கும். முதலாவது நடைமுறைக் கோளாறு. மறு விசாரணை சரியே. இரண்டாவது தகுதி பற்றிய முடிவு. அப்படி எழுதிவிட்டுக் கடைசியில் மறு விசாரணைக்கு அனுப்பியிருந்தால், அந்தக் கடைசிப் பகுதியை மட்டும் எதிர்த்து ரிட் மேல்முறையீடு (அதே உயர் நீதிமன்றத்தின் பெரிய அமர்வில் மேல்முறையீடு) செய்ய இடம் இருக்கிறது. அதற்கு முப்பது நாள்தான் கெடு. தாண்டியிருந்தால் தாமதத்தை மன்னிக்கும்படி மனுப் போட வேண்டும். மேல்முறையீட்டில் ஜெயிப்பீர்களா என்று தீர்ப்பைப் படிக்காமல் என்னால் சொல்ல முடியாது. பொதுவாக, பணம் சம்பந்தப்பட்ட குற்றச்சாட்டில் நீதிமன்றங்கள் மறு விசாரணையை அடியோடு தடுக்கத் தயங்கும்.

அவமதிப்பு பற்றி. 'மீண்டும் பணியில் அமர்த்த வேண்டும்' என்று தீர்ப்பில் வெளிப்படையாக இருந்தால், துறை முதலில் காகிதத்திலாவது பணியில் அமர்த்தி உத்தரவு போட்டுவிட்டுத்தான் தற்காலிகப் பணிநீக்கத்துக்குப் போக வேண்டும். அந்த உத்தரவு இல்லாமல் நேராகத் தள்ளிவிட்டிருந்தால் கேட்க இடம் உண்டு. அந்த வார்த்தையே இல்லை, ரத்தும் மறு விசாரணையும் மட்டும்தான் என்றால் இது அவமதிப்பில் வராது. எப்படியிருந்தாலும் அவமதிப்பு மனுவுக்கு ஒரு வருடக் கெடு இருக்கிறது. 1971ஆம் வருடச் சட்டத்தின் 20வது பிரிவு. 'அடுத்த மாதம் செய்துவிடுகிறோம்' என்று அலுவலகத்தில் சொல்லும் வாய்வார்த்தையை நம்பி அந்த ஒரு வருடத்தை விட்டவர்கள் உண்டு.

நான்கு மாதக் கெடுவைத் துறை தாண்டினால் என்ன ஆகும் என்பதும் வாசகத்தைப் பொறுத்ததே. 'தவறினால் குற்றச்சாட்டு கைவிடப்பட்டதாகக் கருதப்படும்' என்று தீர்ப்பில் இருந்தால் கதை அத்தோடு முடிந்தது. வெறுமனே 'நான்கு மாதத்துக்குள் முடிக்க வேண்டும்' என்றிருந்தால் கெடு தாண்டியதும் விசாரணை தானாகச் செத்துவிடாது. துறை நீதிமன்றத்தில் கால நீட்டிப்புக் கேட்க வேண்டும். கேட்காமல் தொடர்ந்தால் அதை நீங்கள் நீதிமன்றத்தின் கவனத்துக்குக் கொண்டுபோகலாம். அதற்கு உங்கள் பக்கம் சுத்தமாக இருக்க வேண்டும். வாய்தா கேட்டது, வராமல் இருந்தது எல்லாம் இவர் கணக்கில் ஏறியிருந்தால் தாமதத்தைச் சொல்லிப் பயனில்லை. 2015ல் பிரேம் நாத் பாலி வழக்கில் உச்ச நீதிமன்றம், துறை விசாரணையை ஆறு மாதத்துக்குள்ளும், தவிர்க்க முடியாவிட்டால் ஒரு வருடத்துக்குள்ளும் முடிக்க முயல வேண்டும் என்று சொல்லியிருக்கிறது. கடிதம் எழுதும்போது அதைச் சுட்டிக்காட்டலாம்.

பணத்துக்கு வருவோம். உங்கள் கேள்வியில் நீங்கள் கேட்காமல் விட்டது ஒன்று இருக்கிறது. இப்போதைக்குக் கைக்கு வரக்கூடியது அதுதான்: தற்காலிகப் பணிநீக்கக் காலத்தில் சம்பளத்துக்குப் பதிலாகத் தரும் பிழைப்பூதியம். பணியறவு தேதியிலிருந்தே தற்காலிகப் பணிநீக்கத்தில் இருப்பதாகக் கருதப்படும் என்று துறையே எழுதிக் கொடுத்துவிட்டது அல்லவா? அப்படியானால் அந்தத் தேதியிலிருந்து இன்று வரை, அடிப்படை விதிகள் என்ற அரசு ஊழியர் சம்பள, விடுப்பு விதித் தொகுப்பின் 53வது விதிப்படி பிழைப்பூதியம் தர வேண்டிய கடமையும் துறையின் தலையில் ஏறிவிட்டது. ஆரம்பத்தில் அது அரைச் சம்பள விடுப்புக்கு உரிய தொகை அளவும் அதற்கான படிகளும். 2019லிருந்து கணக்குப் போட்டால் சின்னத் தொகை அல்ல. நான் பார்த்தவரை துறைகள் இதைத் தாமாகத் தருவதில்லை; கேட்டால்தான் கோப்பு நகரும். வேறு வேலையோ தொழிலோ செய்யவில்லை என்ற சான்றை அவர் எழுதித் தர வேண்டும். நடுவில் எங்காவது வேலை பார்த்திருந்தால் அதை மறைக்க வேண்டாம். வயிற்றுப்பாட்டுக்கு வேலை பார்த்ததைக் குற்றமாக யாரும் பார்க்கமாட்டார்கள். அந்தக் காலத்துக்குத் தொகை குறையும், அவ்வளவுதான். பொய்ச் சான்று கொடுத்தால் அதற்கே இன்னொரு 17(பி) வரும்.

பிழைப்பூதியம் தராமல் விசாரணைக்கு மட்டும் கூப்பிட்டால் அதுவே புதுக் கோளாறு. பிழைப்பூதியம் இல்லாததால் தூரத்தில் நடந்த விசாரணைக்குப் போக வழியில்லாமல் இருந்த ஓர் அரசு ஊழியரின் பணியறவை 1973லேயே உச்ச நீதிமன்றம் ரத்து செய்திருக்கிறது. 1999ல் பால் ஆண்டனி வழக்கில் அதையே மறுபடி சொன்னது. அதற்காக, 'பணம் தரவில்லை, அதனால் வரமாட்டேன்' என்று சும்மா இருக்கக் கூடாது. 'பிழைப்பூதியம் இன்னும் வரவில்லை, பயணச் செலவுக்கு வழியில்லை' என்று ஒவ்வொரு அறிவிப்புக்கும் எழுத்தில் பதில் கொடுத்து ஒப்புகை வாங்கி வையுங்கள். முடிந்தால் போகவும் செய்யுங்கள்.

முழுச் சம்பளம் கிடைக்குமா என்பதற்கு இன்றைக்கு யாராலும் உறுதி தர முடியாது. அது மறு விசாரணையின் முடிவைப் பொறுத்தது. குற்றச்சாட்டிலிருந்து முழுமையாக விடுவித்தால், அடிப்படை விதி 54-பியின்படி அந்தக் காலம் பணிக்காலமாகி முழுச் சம்பளம் வர வேண்டும். கொடுத்த பிழைப்பூதியத்தைக் கழித்துக்கொள்வார்கள். ஏதாவது தண்டனையோடு வேலைக்கு எடுத்தால், எவ்வளவு தருவது என்று அதிகாரி தீர்மானிப்பார். ஆனால் என்ன தொகை உத்தேசம் என்று அறிவிப்புக் கொடுத்து உங்கள் பதிலைக் கேட்ட பிறகே. இந்த அறிவிப்பைக் கொடுக்காமல் நேராக 'தகுதியான விடுப்பாக வரன்முறை செய்யப்படுகிறது' என்று எழுதிவிடுவது சகஜம், அதை எதிர்க்கலாம். துறை மறு விசாரணையே வேண்டாம் என்று முடிவு செய்து வேலையில் சேர்த்தால் விதி 54-ஏ வரும். அதில், 311வது பிரிவைப் பின்பற்றாதது மட்டுமே காரணமாக ரத்தாகி, தகுதி அடிப்படையில் விடுவிக்கப்படாதவருக்கு முழுச் சம்பளத்துக்குக் குறைவான தொகைதான். 2013ல் தீபாளி சுர்வாசே வழக்கில் உச்ச நீதிமன்றம், தவறாக வெளியேற்றப்பட்டவருக்கு நிலுவைச் சம்பளத்தோடு வேலை தருவதுதான் இயல்பான விதி என்று சொன்னதை உங்களிடம் யாராவது காட்டுவார்கள். அருமையான தீர்ப்புதான். ஆனால் அது, வெளியேற்றியதே தவறு என்று முடிவான வழக்கு. உங்களுடையது இன்னும் அந்தக் கட்டத்துக்கு வரவில்லை. அந்த நாள் வந்தால் கை கொடுக்கும். வேறு வருமானம் இல்லாமல் இருந்தேன் என்று ஊழியர் சொல்லிவிட்டால் இருந்தது என்று நிரூபிப்பது நிர்வாகத்தின் பொறுப்பு என்றும் அதில் இருக்கிறது.

தற்காலிகப் பணிநீக்கத்தை விலக்கச் சொல்லித் தனியாக ஒரு மனுக் கொடுங்கள். அஜய் குமார் சவுத்ரி வழக்கில் 2015ல் உச்ச நீதிமன்றம் மூன்று மாதம் என்று ஒரு வரம்பு சொன்னது: அதற்குள் குற்றச்சாட்டு குறிப்பாணை கொடுக்காவிட்டால் நீட்டிக்கக் கூடாது, கொடுத்திருந்தால் நீட்டிக்கக் காரணம் எழுத வேண்டும். மூன்று மாதம் தாண்டியதுமே தானாக விலகிவிடும் என்று பலர் நினைக்கிறார்கள். அப்படி அல்ல என்று 2022ல் சென்னை உயர் நீதிமன்ற முழு அமர்வு சொல்லியிருக்கிறது. உங்கள் கணவர் இப்போது பழைய அலுவலகத்தில் இல்லை, ஆவணங்கள் எல்லாம் துறையின் கையில், சாட்சிகளைக் கலைக்க வாய்ப்பில்லை என்று காரணம் சொல்லி, வேறு ஊரில் பணமில்லாத இருக்கையில் போடும்படி கேட்டால் சில அதிகாரிகள் ஒப்புக்கொள்வார்கள். சம்பளம் கொடுத்து வேலை வாங்குவது அரசுக்கும் லாபம்.

இனி மறு விசாரணை. இதுதான் உண்மையான வழக்கு, நீதிமன்றத்தில் நடந்தது அல்ல. நீதிமன்றம் இரண்டாம் முறை வரும்போது ஆதாரத்தை எடைபோட்டுப் பார்க்காது. விசாரணை ஒழுங்காக நடந்ததா, கொஞ்சமாவது ஆதாரம் இருக்கிறதா, தண்டனை மனசாட்சியை உலுக்கும் அளவுக்கு அதிகமா என்று மட்டும்தான் பார்க்கும். அதனால் சொல்ல வேண்டியதையெல்லாம் விசாரணை அலுவலர் முன்னால் சொல்லிப் பதிவில் ஏற்றியாக வேண்டும். போகாமல் இருந்தால் ஒருதலைப்பட்ச விசாரணை நடக்கும். இம்முறை துறை உஷாராகச் சாட்சிகளை வரிசையாக நிறுத்தி விசாரிக்கும். குறுக்கு விசாரணை செய்ய எதிரே யாரும் இருக்கமாட்டார்கள். முதல் முறை உங்களுக்குக் கிடைத்த வெற்றிக்குக் காரணமான ஓட்டை இரண்டாம் முறை அடைபட்டிருக்கும்.

அதே விசாரணை அலுவலரைப் போட்டிருந்தால், முதல் அமர்வுக்கு முன்பே மாற்றச் சொல்லி எழுதிக் கொடுங்கள்; அவர் ஏற்கெனவே முடிவு எழுதிவிட்டவர். புகார் கொடுத்தவரோ தணிக்கை செய்தவரோ விசாரணை அலுவலராக இருக்கவே முடியாது. ஆவணங்களைப் பட்டியல் போட்டுக் கேளுங்கள். 'சம்பந்தப்பட்ட எல்லா ஆவணங்களும்' என்று கேட்டால் ஒன்றும் வராது. இன்ன மாத ரொக்கப் பதிவேட்டின் இன்ன பக்கம், ரசீது அடிக்கட்டை, கருவூலச் செலுத்துச் சீட்டு, அந்த நாள்களின் வருகைப் பதிவேடு, பொறுப்பு ஒப்படைத்த பட்டியல் என்று பெயர் சொல்லிக் கேட்க வேண்டும். பணம் குறைந்த வழக்குகளில் அந்தப் பொறுப்பு ஒப்படைப்புப் பட்டியல் பெரும்பாலும் திருப்புமுனையாக இருக்கும். பெட்டிச் சாவி அன்றைக்கு யாரிடம் இருந்தது என்பது அதில்தான் தெரியும். தர மறுத்தால் மறுத்ததை எழுத்தில் வாங்குங்கள். அதுவும் கிடைக்காவிட்டால் தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள்.

ஆரம்பகட்ட விசாரணையில் யார் என்ன சொல்லியிருந்தாலும், அவர் இங்கே வந்து சொல்லி, நீங்கள் குறுக்கு விசாரணை செய்ய வாய்ப்புக் கிடைத்தால் ஒழிய அதை வைத்து முடிவெடுக்க முடியாது. சாட்சி சொன்னது ஒன்று, எழுதியது இன்னொன்று என்றால் அங்கேயே, கையெழுத்துக்கு மேலேயே, 'நான் ஆட்சேபிக்கிறேன்' என்று காரணத்தோடு எழுதச் சொல்லுங்கள். ஒவ்வொரு நாளும் நகல் வாங்காமல் வெளியே வர வேண்டாம். அறிக்கை வந்ததும் அதற்குப் பதிலை வரி வரியாக எழுதுங்கள். அறிக்கை இவருக்குச் சாதகமாக வந்து, ஒழுங்கு நடவடிக்கை அதிகாரி மாறுபட நினைத்தால், மாறுபடும் காரணங்களை முன்கூட்டியே தெரிவித்து விளக்கம் கேட்க வேண்டும். 1998ல் குஞ்ச் பிகாரி மிஸ்ரா வழக்கில் தீர்ந்த விஷயம் இது.

ஒன்று கேட்க வேண்டும். குறைந்த தொகையை அப்போது கட்டச் சொல்லிக் கட்டிவிட்டாரா? பலர், 'கட்டிவிடு, விட்டுவிடுகிறோம்' என்ற பேச்சை நம்பி நகையை அடகு வைத்துக் கட்டுவார்கள். பிறகு குறிப்பாணையில் 'தொகையைச் செலுத்தியதன் மூலம் குற்றத்தை ஒப்புக்கொண்டுள்ளார்' என்று வரும். கட்டியிருந்தால், யார் சொல்லி, எந்தச் சூழ்நிலையில் கட்டினார் என்பதை இந்த விசாரணையில் எழுத்தில் சொல்லிவிடுங்கள். காவல்துறையில் புகாரும் இருக்கிறதா என்று நீங்கள் எழுதவில்லை. இருந்தால், அங்கே விடுதலை கிடைத்தாலே இங்கே வேலை வந்துவிடும் என்று நினைக்க வேண்டாம். தமிழகக் காவலர் சமுத்திரம் வழக்கில் 2012ல் உச்ச நீதிமன்றம், சாட்சிகள் பிறழ்ந்ததால் கிடைத்த விடுதலை கௌரவமான விடுதலை ஆகாது, அதை வைத்து வேலை கேட்க முடியாது என்று சொல்லிவிட்டது. இரண்டு இடத்திலும் ஒரே ஆதாரம், ஒரே சாட்சிகள் என்றிருந்து, நீதிமன்றம் முழுதும் ஆராய்ந்து குற்றம் நடக்கவே இல்லை என்று சொன்னால் நிலைமை வேறு. அப்போது அந்தத் தீர்ப்புக்குப் பலம் அதிகம்.

முதலில் செய்ய வேண்டியது பிழைப்பூதியக் கடிதம். கருதப்பட்ட தற்காலிகப் பணிநீக்க உத்தரவின் எண்ணும் தேதியும் போட்டு, பணியறவு தேதியிலிருந்து கணக்கிட்டுத் தரும்படி கேட்டு, வேலை செய்யவில்லை என்ற சான்றையும் இணைத்துப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். அதன் நகலைத் துறைத் தலைமைக்கும் அனுப்புங்கள். தீர்ப்பின் கடைசி இரண்டு பத்திகளை, பெயர்களை நீக்கிவிட்டு வார்த்தை மாறாமல் எழுதினால், மேல்முறையீட்டுக்கு இடம் இருக்கிறதா என்பதைப் பற்றி இதைவிடத் திட்டமாகச் சொல்கிறேன்.